பென்சிலில் எழுதிப் பார்க்காத கணக்கு

மேடையில் அமர்ந்திருக்கும் துறைத் தலைவர் அவர்களே, கண்ணைத் துடைத்தபடி நிற்கும் மாணவர்களே, முன்வரிசையில் இருக்கும், பேராசிரியரின் துணைவியாரான எங்கள் அண்ணி அவர்களே, வணக்கம்.

எனக்கு முன்னால் மூன்று பேர், நம்மை விட்டு மறைந்த பேராசிரியரைப் புகழ்ந்துவிட்டார்கள். நான் புகழ்வதற்காக மட்டும் இங்கே ஏறவில்லை. பதினெட்டு வருஷம் ஒரே அறையில் அவருக்கு எதிரே உட்கார்ந்தவன் நான். இன்று காலை அந்த அறைக்குப் போனேன். அவர் நாற்காலியைப் பார்க்க முடியவில்லை, திரும்பி வந்துவிட்டேன்.

சோதனைக் குழாயைத் தொடாத வேதியியலாளர் என்று அவரைக் கேலி செய்தவர்கள் உண்டு. மூலக்கூறு எங்கே வளையும், எங்கே உடையும் என்று கணக்குப் போட்டே சொன்ன மேதை அவர்! மாணவர்கள் வைத்த பேர் 'பென்சில்'. ஏன்? எதையும் கணினியிடம் கொடுக்கும் முன், என்ன விடை வரும் என்று பென்சிலில் எழுதி வைப்பார். "நமக்கே ஒரு மதிப்பு தெரியலன்னா, அது சொல்றதையெல்லாம் நம்பிடுவோம்ப்பா" என்பார். அவருடைய பாடநூல் முழுக்க அந்தப் பழக்கம்தான். அதைப் படிக்காமல் நம்மில் யார் இந்தத் துறைக்குள் வந்தோம்?

அந்த நூலில் ஒரு பக்கத்தைப் பற்றித்தான் நான் பேச வேண்டும். பதினைந்து ஆண்டுகளுக்கு முன் திரும்பப் பெற்ற தன் ஆய்வுக் கட்டுரையை, எப்படித் தவறக் கூடாது என்பதற்குப் பாடமாக அவர் வைத்த பக்கம் அது. வினையூக்கிக்கும் மூலக்கூறுக்கும் இடையிலான தூரம் கணினிக்குத் தவறான அலகில் போய்விட்டது. "தவறு என்னுடையது" என்று அவரே எழுதினார். அதோடு கைக்கு வந்த இயக்குநர் பதவி போயிற்று.

அந்தக் கணக்கைக் கணினியில் ஏற்றிய வாரம் அவர் மகளின் பிரசவத்துக்காக மருத்துவமனையில் இருந்தார். பென்சிலில் எழுதிப் பார்க்கச் சொல்லிவிட்டுத்தான் போனார். நான் எழுதிப் பார்க்கவில்லை. அந்த எண்ணைக் கொடுத்தவன் நான்! கணினி கேள்வியா கேட்கும்? பதினோரு நாள் ஓடி, அழகான விடையைத் தந்தது. என்னை நம்பி அவர் கட்டுரையை அனுப்பினார்.

தவறு தெரிந்ததும் அழுதுகொண்டே அவரிடம் சொன்னேன். "உனக்கு வேலை இன்னும் நிரந்தரம் ஆகலை, எனக்கு ஆயிடுச்சு. பேசாம போய் வேலையப் பாரு" என்றார்.

பேசாமல் இருந்தேன். வேலை நிரந்தரமான பிறகும் இருந்தேன். பதவி உயர்வு வந்த பிறகும் இருந்தேன். என்ன மனிதன் நான்!

நேற்று அண்ணி என்னிடம் கேட்டார்: "அவ்வளவு பார்த்துப் பார்த்து செய்யற மனுஷன், அந்த ஒண்ணுல எப்படிப்பா கோட்டை விட்டாரு?"

அண்ணி, அவர் கோட்டை விடவில்லை. விட்டவன் நான்.

அவருடைய நூலின் அடுத்த பதிப்பு என் பொறுப்பில் இருக்கிறது. அந்தப் பக்கத்தில் அவர் பேர் இருக்கும் இடத்தில் என் பேர் வரும். கட்டுரை வெளிவந்த இதழுக்கும் இன்று எழுதிவிட்டேன். அவர் வேலையைத் தொடர்வோம் என்று எல்லோரும் உறுதி சொன்னீர்கள். நானும் சொல்கிறேன், ஆனால் இதைச் செய்த பிறகுதான் எனக்கு அந்த உரிமை.

அவர் காதில் விழும்படி சொல்லியிருக்க வேண்டியதை, அவரை மயானத்தில் கொண்டுபோய் விட்டுவிட்டு வந்து சொல்கிறேன், அண்ணி.