பூவிழி என்றால் என்ன பொருள்

குழந்தைக்குப் பெயர் வைப்பது இப்போது செஞ்சியில் பெண் பார்ப்பதைவிடப் பெரிய ரோதனை, இன்ஸ்பெக்டர் ஐயா. வாயில் நுழையக் கூடாது, பக்கத்து வீட்டில் இருக்கக் கூடாது, அர்த்தம் மட்டும் அமோகமாக இருக்க வேண்டும். அந்த அர்த்தம் சரியா என்று பார்த்துச் சொல்வதுதான் என் தொழில். காந்தி பஜாரில் ரங்கநாதன் பெயராய்வு நிலையம் என்றால் எந்த ஆட்டோக்காரரும் கொண்டுவந்து விடுவார்.

'நிவ்யாஷ்' என்று ஒரு பெயரோடு வருவார்கள். "மீனிங் இன்னா சார்?" என்பார்கள். எந்த மொழியிலும் அப்படி ஒரு சொல் இல்லை என்றால் முகம் தொங்கிவிடும். அதனால் 'வடமொழியில் விடியல்' என்பேன். சந்தோஷமாகப் போவார்கள். யாருக்கு என்ன நஷ்டம், சொல்லுங்கள்.

அன்புக்கரசிக்கு மட்டும் அது பொறுக்கவில்லை. தொண்டூர்ப் பெண், தமிழ் படித்தவள், லோடு ஆட்டோ ஓட்டும் பச்சைமுத்துவின் மனைவி. நிவ்யாஷின் பெயர்சூட்டு விழாவில் நான் மைக்கில் விளக்கம் சொல்லிக்கொண்டிருந்தபோது, தன் கைக்குழந்தையை இடுப்பில் வைத்தபடியே எழுந்தாள்.

"எந்த அகராதில சார் இருக்குது? காட்டுங்க, நாங்களும் பாத்துக்கறோம்."

மண்டபமே சிரித்தது. பந்தி பரிமாறியவன்கூட வாளியை வைத்துவிட்டுச் சிரித்தான். எனக்குச் சுர்ரென்றது, அன்று சோறு இறங்கவில்லை. ஆனால் நான் பழிவாங்குகிற ஆள் இல்லை, ஐயா.

அவள் குழந்தையின் பெயர் பூவிழி. பூப்போன்ற கண்ணுடையவள். குறையே சொல்ல முடியாத பெயர். ஆனால் நம் ஊர் வாயில் ழகரம் எங்கே நிற்கிறது? பெற்ற அப்பனுக்கே அது பூவிளி.

போன அமாவாசையன்று பச்சைமுத்து குழந்தையைத் தோளில் போட்டுக்கொண்டு என் கடைக்கு ஓடிவந்தான். அன்புக்கரசி பரீட்சை எழுத விழுப்புரம் போயிருந்தாள். குழந்தைக்கு உடம்பு அனலாகக் கொதித்தது, கண் செருகியிருந்தது.

"ஆஸ்பத்திரிக்குத்தான் சார் போறேன். பேரு சரியில்லன்னு பக்கத்து வூட்ல சொல்றாங்க. பூவிளின்னா இன்னா சார் அர்த்தம்?"

அகராதியை எடுத்து அவன் முன்னால் விரித்தேன். விளிதல் என்றால் சாதல். அச்சிலேயே இருக்கிறது. விளித்தல் என்றால் அழைத்தல் என்று அடுத்த வரியில் இருந்தது, அதன்மேல் என் கட்டைவிரல் இருந்தது.

"ஐயோ, படிச்சவளாச்சே சார், இப்டியா வப்பா?" என்று அழுதுவிட்டான்.

"மேல்மலையனூர் போயி அம்மன் முன்னால பேரை மாத்திட்டு அப்பறம் ஆஸ்பத்திரிக்குப் போப்பா. இந்தப் பேர்ல சீட்டு எழுதுனா மருந்து புடிக்காது" என்றேன். புதுப் பெயரும் நானே கொடுத்தேன். ஆஸ்பத்திரி என் கடையிலிருந்து நடக்கிற தூரம்தான். அமாவாசைக்கு மேல்மலையனூரில் கூட்டம் எப்படி இருக்கும் என்பது, பந்தோபஸ்து போடுகிற உங்களுக்குத் தெரியாததா.

வரிசையிலேயே குழந்தை போய்விட்டது.

அவன் கேட்டது விழியைத்தான் என்று எனக்குத் தெரியாதா என்கிறீர்கள். தெரியும், ஐயா. ஆஸ்பத்திரிக்கு முதலில் போயிருந்தால் பிழைத்திருக்கும் என்பதும் தெரியும். இருந்தாலும் அவன் வாயில் வந்த சொல்லுக்குத்தான் பொருள் சொன்னேன். எந்த அகராதியில் வேண்டுமானாலும் பார்த்துக்கொள்ளுங்கள்.

கண்ணீர் அஞ்சலி பேனரில்கூட பூவிளி என்றுதான் அடித்திருந்தார்கள். எனக்கு மனசு கேட்கவில்லை. நானே போய் நின்று ழகரம் போட வைத்தேன். அதற்கு அன்புக்கரசி ஒரு நன்றிகூடச் சொல்லவில்லை.