இருபத்து நான்காவது படம்

கலர் பிலிம் கழுவுவதற்கு மருந்து முப்பத்தெட்டு டிகிரி சூட்டில் இருக்க வேண்டும். கொஞ்சம் கூடினாலும் குறைந்தாலும் முகங்களின் நிறம் மாறிவிடும். நான் தெர்மாமீட்டர் வைத்துத்தான் பார்க்கிறேன் என்றாலும், விரலை விட்டாலே எனக்குத் தெரிந்துவிடும். முப்பத்தோரு வருடப் பழக்கம்.

மருந்து கலக்குவதில் ஏதாவது தவறு நடந்திருக்குமோ என்று நேற்று விசாரணையில் நீங்கள் கேட்டீர்கள். நல்ல எண்ணத்தில் கேட்டிருக்கலாம். எனக்கு ஒரு வழி விட்டுக் கொடுத்திருக்கலாம். ஆனால் அந்தக் கேள்வியால்தான் இன்று இதை எழுதித் தருகிறேன். என் கையில் பிலிம் கெட்டதில்லை. அந்த பிலிமும் கெடவில்லை. மிக நன்றாக வந்திருந்தது.

என் பெயர் அங்கப்பன். சொந்த ஊர் வெள்ளகோவில் பக்கம். தோட்டத்தைத் தம்பி பார்த்துக்கொள்கிறான். நான் சரவணம்பட்டியில் ஸ்டூடியோ வைத்திருக்கிறேன். ஐந்தாறு வருடமாக ஐ.டி. கம்பெனிப் பிள்ளைகளுக்கு பிலிம் கேமரா மேல் ஒரு ஆசை வந்திருக்கிறது. அட்டை சுற்றிய சின்ன பிளாஸ்டிக் கேமரா, இருபத்தேழு படம். எடுத்து முடித்தால் கேமராவையே என்னிடம் கொடுத்துவிடுவார்கள். நான் உடைத்து, பிலிமை எடுத்துக் கழுவிக் கொடுப்பேன். அவர்கள் பார்ப்பதற்கு முன்பே அவர்களுடைய சிரிப்பையெல்லாம் நான் பார்த்துவிடுவேன். யாருடைய படத்தையும் வெளியே சொன்னதில்லை.

என் மகள் மோகனப்பிரியா அப்படி ஒரு கம்பெனியில்தான் வேலை பார்த்தாள். அவள் விரும்பிய தம்பிதுரையும் அங்கேதான். வால்பாறையில் தேயிலை பறிக்கும் செல்லக்கனி என்ற அம்மாவின் ஒரே மகன். எஸ்டேட் தொழிலாளர்களின் லைன் வீட்டில் பிறந்து, படித்து மேலே வந்தவன். அவனுடைய ஜாதியைப் பற்றி நான் ஒரு வார்த்தை பேசியதில்லை. பேசியது என் சொந்தக்காரர்கள். நான் கேட்டுக்கொண்டிருந்தேன், அவ்வளவுதான்.

ஒருமுறை அவன் என்னைப் பார்க்கக் கடைக்கு வந்தான். உட்காரச் சொன்னேன். டீ கொடுத்தேன். கடையில் எவர்சில்வர் டம்ளர்கள் இருந்தன. இருந்தும் பேக்கரியில் இருந்து பேப்பர் கப் வாங்கி வரும்படி மகளை அனுப்பினேன். அவள் முகம் சிவந்துவிட்டது. அவன் அதைக் கவனித்தான். கவனிக்காதவன் மாதிரி டீயைக் குடித்துவிட்டு, கப்பைக் கசக்கித் தன் பையிலேயே வைத்துக்கொண்டு போனான். அந்தப் பொறுமைதான் எனக்கு ஆகவில்லை. கோபப்பட்டிருந்தால் ஒருவேளை மன்னித்திருப்பேன்.

நான்கு வருடத்துக்கு முன்பு, தை மாதம் ஒரு சனிக்கிழமை, ஆபீஸ் டூர் என்று சொல்லிவிட்டு அவனோடு வால்பாறைக்குப் போனாள். அவன் அம்மாவைப் பார்க்கத்தான். ஞாயிற்றுக்கிழமை நண்பகலில் லைன் வீடுகளுக்கு எதிரே உள்ள பாறையில் இருந்து விழுந்துவிட்டாள். அப்போது அங்கே இருந்தது அவன் ஒருவன்தான். கீழே கொழுந்து பறித்துக்கொண்டிருந்த ஒரு பெண் அதற்கு முன் ஆண் குரல் ஒன்று கத்தியதைக் கேட்டிருக்கிறாள். என்ன கத்தினான் என்று அவளுக்குத் தெரியவில்லை. சண்டையில் தள்ளிவிட்டான் என்று நான் புகார் எழுதினேன், அவனைப் பிடித்து உள்ளே வைத்தார்கள். அன்றைக்கு நான் அதை நம்பித்தான் எழுதினேன். இதைத் தனியாகக் குறித்துக்கொள்ளுங்கள்.

மூன்று வாரம் கழித்து செல்லக்கனி என் கடைப் படியேறி வந்தார். பஸ்ஸில் வளைந்து வளைந்து இறங்கி வந்ததில் முகம் வெளுத்திருந்தது. மடியில் இருந்து ஒரு பிளாஸ்டிக் கவரை எடுத்தார். உள்ளே அந்தக் கேமரா. அட்டை ஊறி உரிந்திருந்தது, கூடு உடையவில்லை.

"செடிக்குள்ள கெடந்துச்சுய்யா," என்றார். "போலீஸ்ல கொடுத்தா தொலைச்சிருவாங்கன்னு ஒங்ககிட்ட கொண்டாந்தேன். நீங்க பெத்தவரு. கழுவிப் பாருங்க. எம்பிள்ள தள்ளியிருந்தா அதுல தெரியுமில்ல? தெரிஞ்சா நானே வந்து கோர்ட்ல சொல்றேன்."

மூன்று நாள் கழித்து வரச் சொன்னேன். தண்ணீர் கொடுத்தேன். அவர் வாங்கிக்கொள்ளவில்லை.

அன்று மதியமே கழுவினேன். இருபத்து நான்கு படங்கள். பதினொன்றில் என் மகள் இருந்தாள். பஸ் ஜன்னலோரம், தலைமுடி வாயில் பறக்க. லைன் வீட்டு வாசலில் செல்லக்கனியோடு முறத்தைப் பிடித்துக்கொண்டு. ஒன்றில் அவள் எதற்கோ சிரித்துக் கண்ணை மூடியிருந்தாள். அப்படி ஒரு சிரிப்பை என் வீட்டில் நான் பார்த்ததில்லை.

இருபத்து நான்காவது படத்தை அவள் எடுத்திருந்தாள். தம்பிதுரை தனியாக நிற்கிறான். பின்னால் லைன் வீடுகளின் தகரக் கூரைகள் வரிசையாகத் தெரிகின்றன. அவனுடைய வலது கை உயர்ந்து, உள்ளங்கை கேமராவைப் பார்த்தபடி இருக்கிறது. வாய் திறந்திருக்கிறது. நில் என்று கத்தியிருக்கிறான். நெகட்டிவில் அவன் ஒரு விரல் நகத்தின் உயரம்தான் இருந்தான். அந்த லென்ஸில் அப்படி விழ வேண்டுமென்றால் ஆள் இருபது அடி தள்ளி நின்றிருக்க வேண்டும். இதைக் கண்ணால் பார்த்தே சொல்லக்கூடியவன் நான். இன்னொன்றும் உண்டு. இந்தக் கேமராவில் ஒரு படம் எடுத்ததும் அடுத்த படத்துக்காகக் கட்டைவிரலால் சக்கரத்தைத் திருக வேண்டும். யாரும் உடனே திருகிவிடுவார்கள், கை தானாகச் செய்யும். கேமராவை உடைக்கும் முன் நான் தொட்டுப் பார்த்தேன். சக்கரம் திருகப்படாமல் இருந்தது. பட்டனை அழுத்திய அந்த நொடியிலேயே அவள் போய்விட்டாள். இருபது அடியில் இருந்து யாரும் யாரையும் தள்ள முடியாது.

வெகுநேரம் அதைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். கால் தவறி விழுந்தாள் என்று ஆகிவிட்டால் வழக்கு முடிந்துவிடும். அவன் வீட்டுக்குப் போவான். என் மகளுக்காக அழுவான். அழ அவனுக்கும் உரிமை இருக்கிறது என்று ஊர் சொல்லும். என் துக்கத்தில் பாதியை அவனுக்குக் கொடுக்க நான் தயாராக இல்லை.

பக்கெட்டில் ப்ளீச்சிங் பவுடரைக் கரைத்து பிலிமை உள்ளே விட்டேன். படம் இருக்கும் படலம் தோலாக உரிந்து மிதந்தது. ஐந்து நிமிடம்கூட ஆகவில்லை.

என் வீட்டுக்காரி பூவாத்தாள் அப்போது சாப்பாட்டுக் கேரியரோடு கடைக்கு வந்தாள். கேமரா வந்த விஷயம் அவளுக்குத் தெரியும். வாசலிலேயே நின்று கேட்டாள்.

"ஏனுங்க, ஒரு படத்துலயாச்சும் புள்ள மொகம் இருக்குதுங்களா?"

"ஒண்ணுமில்ல. தண்ணி எறங்கிப்போட்டுது," என்றேன்.

அவள் கேரியரை மேஜையில் வைத்துவிட்டுப் போனாள். அதற்குப் பிறகு கடைக்கு வந்ததில்லை. அவளுக்கு ஏதாவது தெரியுமா என்று நான் கேட்டதில்லை.

செல்லக்கனியிடமும் அதையே சொல்லி, வெறும் பிலிம் பட்டையைக் கையில் கொடுத்தேன். அவர் அதை வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்துப் பார்த்தார். "கண்ணாடி மாதிரி இருக்கேய்யா," என்றார். பிறகு முந்தானையில் முடிந்துகொண்டு, எனக்குச் சிரமம் கொடுத்ததற்காக வருத்தம் தெரிவித்துவிட்டுப் போனார்.

கோர்ட்டில் நான் சொன்னதில் ஒரு இடம் மட்டும் மாற்றிச் சொன்னது. சனிக்கிழமை சாயங்காலம் மகள் எனக்குப் போன் செய்தாள். அது பதிவில் இருக்கிறது. "எனக்கு இவங்களப் பாத்தா பயமா இருக்குதுங்கப்பா" என்று அவள் சொன்னதாக நான் சாட்சி சொன்னேன். அவள் சொன்னது இது: "அப்பா, கோவிச்சுக்காதீங்க. நாளைக்குச் சாயங்காலம் அவங்களையும் கூட்டிட்டு வாரேனுங்க. ஒருக்கா எவர்சில்வர் டம்ளர்ல டீ குடுத்துப் பாருங்க."

நான் பதில் சொல்லாமல் வைத்துவிட்டேன். அதுதான் கடைசிப் பேச்சு.

ஆயுள் தண்டனை கொடுத்தார்கள். தீர்ப்பு வந்தபோது அவன் என்னைப் பார்த்தான். டீ குடித்த நாளில் பார்த்த அதே பார்வை. செல்லக்கனி அந்தப் பட்டையை இத்தனை நாள் பத்திரமாக வைத்திருப்பார் என்றோ, அப்பீலுக்கு வந்த லோகப்பிரியா என்ற வக்கீல் பெண் அதை விவரம் தெரிந்தவர்களிடம் காட்டுவார் என்றோ நான் நினைக்கவில்லை. தண்ணீர் இறங்கினாலும், ஒரு படமும் எடுக்காவிட்டாலும், கழுவிய கலர் பிலிம் ஆரஞ்சு நிறத்தில்தான் இருக்கும். ஓரத்தில் எண்கள் இருக்கும். கண்ணாடியாக இருக்காது. அவர்கள் கண்டுபிடித்தது சரி. அதை நான் மறுக்கவில்லை.

அந்தப் படம் இனி எங்கேயும் இல்லை. நான் எழுதித் தரும் இந்தத் தாள்தான் இருக்கிறது. இதை வைத்து அவனை வெளியே விடுவீர்கள் என்றும் தெரியும். விடுங்கள். நான்கு வருடம் போதாது என்பது என் கருத்து, ஆனால் அது என் கையில் இல்லை.

நேற்று நீங்கள் கேட்ட ஒன்றுக்கு நான் பதில் சொல்லவில்லை. படித்த பெண், பட்டப்பகலில், பின்னால் திரும்பிப் பார்க்காமல் ஏன் போனாள் என்று கேட்டீர்கள். சொல்கிறேன். அந்தக் கேமராவில் காட்சியைக் கிட்டத்தில் இழுக்கவோ தள்ளவோ வசதி கிடையாது. அவள் முதன்முதலில் எடுத்த ரோலில் எல்லோருக்கும் கால் வெட்டுப்பட்டிருந்தது. அந்தப் படங்களைக் கடை மேஜையில் பரப்பி வைத்து, நான்தான் சொல்லிக் கொடுத்தேன். "ஆளு முழுசா வரோணும்னா நாலடி பின்னால போயி எடு, கண்ணு. கண்ண மட்டும் கேமராவுல இருந்து எடுத்துப்போடாத."

நான் சொன்னது நாலடிதான். அதற்குமேல் அவள் பின்னால் வைத்த ஒவ்வோர் அடியும் அவனுக்காக வைத்தது.