மாதுளை மாதாவின் காலிச் சட்டகம்

1939 செப்டம்பர் 11, திங்கட்கிழமை காலை, லிபோவ்னோ நகர அருங்காட்சியகத்தின் இரண்டாம் அறைச் சுவரிலிருந்து ‘மாதுளை மாதா’ ஓவியம் இறக்கப்பட்டது.

திங்கட்கிழமை எங்களுக்கு விடுமுறை. அதனால் பார்வையாளர் யாருக்கும் இடைஞ்சல் இல்லை. வார்சாவிலிருந்து போர் இழப்புப் படிவத்தோடு வந்திருக்கும் உங்களுக்கு இது சின்ன விஷயமாகத் தோன்றலாம். நான் முப்பத்தொன்பது வருடம் காப்பாட்சியராக இருந்தவன். பார்வையாளருக்கு இடைஞ்சல் இல்லாமல் வேலை செய்வதே பாதி வேலை.

ஓவியத்தை இறக்கியவர்கள் இரண்டு பேர். ஒருவன் நான், லுட்விக் ஸரேம்பா. மற்றவன் எங்கள் தச்சன் ஃப்லோரியன் துரேக். ஜெர்மானியர்கள் இரண்டு நாள் தூரத்தில் இருந்தார்கள். நிலவறையில் ஒளிக்கலாம் என்றேன் நான்.

“நிலவறையைத்தான் ஐயா அவனுங்க முதல்ல தோண்டுவானுங்க,” என்றான் ஃப்லோரியன். “எதிர்ல கிடக்குற பொருளை எவன் தேடப்போறான்? இது பலகைதானே, நாலு கால் அடிச்சா மேசை.”

அப்படித்தான் மாதா என் வீட்டுச் சாப்பாட்டு மேசையானாள். முகம் கீழே, முதுகு மேலே. முகத்தின் மேல் கம்பளித் துணி போர்த்தி, அதன் மேல் மெல்லிய பலகை வைத்து அறைந்தான். லிண்டன் மரத்தின் முதுகை அவன் மெழுகு தேய்த்துப் பளபளப்பாக்கிய அழகுக்கு, அதுவே தனியாக ஒரு கலைப்பொருள் என்று சொல்லலாம். சட்டகம் மட்டும் சுவரிலேயே இருந்தது. பொன்முலாம் பூசிய, ஓர் ஆள் உயரச் சட்டகம். அதை எதுவாகவும் மாற்ற முடியவில்லை.

அந்தக் குளிர்காலத்தில் பட்டியலெடுக்க வந்த ஜெர்மன் அதிகாரி சட்டகத்தைப் பார்த்தார். ‘சட்டகம், காலி, ஒன்று’ என்று எழுதிக்கொண்டார். ஓவியம் எங்கே என்று என்னிடம் மூன்று மணி நேரம் விசாரித்தார். விசாரணை என் வீட்டில்தான் நடந்தது. முட்டைக்கோஸ் சூப் நன்றாக இருப்பதாகச் சொல்லி, மேசையில் முழங்கை ஊன்றி இரண்டாம் முறை வாங்கிக் குடித்தார். இதுவரை நானும் ஃப்லோரியனும் தேசத்துக்குச் செய்தது சரியான காரியம். இதில் உங்களுக்கும் மறுப்பு இருக்காது.

1945இல் போர் எங்கள் ஊரைக் கடந்து போனது. கூரையில் பாதி இல்லை. நான் அருங்காட்சியகத்தின் கதவைத் திறந்த முதல் நாளே ஜனங்கள் வந்தார்கள். நேராக இரண்டாம் அறைக்குப் போனார்கள். காலிச் சட்டகத்தின் முன் பெண்கள் மண்டியிட்டார்கள். யாரோ மெழுகுவர்த்தி ஏற்றினார்கள்.

நாம் எப்படிப்பட்டவர்கள் என்பது உங்களுக்கே தெரியும். கிறிஸ்துமஸுக்கு முந்தின மாலை விருந்தில் வராத ஒருவருக்காக ஒரு தட்டை வைத்துவிட்டுத்தான் சாப்பிட உட்காருவோம். எதிரில் இருப்பவனைவிட இல்லாதவனை உபசரிப்பது நமக்கு நன்றாக வரும்.

ஃப்லோரியன் அன்று என் காதருகே சொன்னான்: “நாளைக்கே கொண்டாந்து மாட்டிடுவோமா ஐயா? பாவம், அழுவுறாங்க.”

“கூரை முடியட்டும்,” என்றேன்.

கூரை முடிந்தது. சுவரின் ஈரம் காயட்டும் என்றேன். அதுவும் காய்ந்தது. அதற்குள் நிலைமை மாறிவிட்டது. போருக்கு முன் மாதத்துக்கு நாற்பது பேர் வருவார்கள், அதில் பாதிப் பேர் மழைக்கு ஒதுங்கியவர்கள். இப்போது காலிச் சட்டகத்தைப் பார்க்க லாரிகளில் வந்தார்கள். பள்ளிக்கூடங்கள் பூங்கொத்தோடு வந்தன. செப்டம்பர் 11 ஊரின் துக்க நாளானது. நகர மன்றத் தலைவர் சட்டகத்தின் முன் தொப்பியைக் கழற்றி ஒரு நிமிடம் நின்றார். ஓவியம் இருந்த காலத்தில் அந்த மனிதர் ஒருநாளும் உள்ளே வந்ததில்லை.

உண்மையைச் சொல்கிறேன். மாதுளை மாதா பெரிய ஓவியமல்ல. அவள் விரல்கள் கேரட் கட்டுபோல் இருக்கும். குழந்தைக்கு வரி அதிகாரியின் முகம். ஆனால் ஏழு வருடத்தில் ஊர் அவளை மறந்து, அதைவிட அழகான ஒருத்தியைச் சட்டகத்துக்குள் பார்க்கத் தொடங்கியிருந்தது. அவர்கள் மனதில் பார்த்த அந்த ஓவியத்தில் ஒரு குறையும் இல்லை. அதை இறக்கிவிட்டுக் கேரட் விரல்களை மாட்டுவது எனக்கு நாசவேலையாகப் பட்டது.

ஃப்லோரியனுக்கு இந்த நுட்பம் புரியவில்லை. 1948 துக்க நாளில், பேண்டு வாத்தியம் ஓய்ந்த நேரத்தில், கூட்டத்தின் நடுவே நின்று உரக்கச் சொன்னான்: “எதுக்குய்யா எல்லாரும் ஒப்பாரி வைக்கிறீங்க? மாதா இவரு வீட்டுலதான் இருக்கா. அவ முதுகு மேல வச்சுத்தான் இவரு உருளைக்கிழங்கு தின்னுக்கிட்டு இருக்காரு.”

கூட்டம் அவனை அடித்தது. நான்தான் விலக்கிவிட்டேன் என்பதைக் குறித்துக்கொள்ளுங்கள்.

அதன் பிறகு விஷயம் என் கையில் இல்லை. ஓவியம் எங்கே என்று கேட்காமல் மூன்று வருடம் அழுத ஊர், ஓவியத்தை ஜெர்மானியருக்கு யார் கொடுத்தது என்று கேட்கத் தொடங்கியது. விசாரணை வந்தது. இரண்டாம் அறையின் சாவி யாரிடம் இருந்தது என்று நீதிபதி கேட்டார்.

“இரண்டு பேரிடம். அதில் ஒருவன் நான்,” என்றேன். இதில் பொய் ஏதும் இல்லை.

ஃப்லோரியன் மேசையைப் பற்றியே திரும்பத் திரும்பச் சொன்னதால், நீதிமன்றம் இரண்டு அதிகாரிகளை என் வீட்டுக்கு அனுப்பியது. மழையில் நனைந்து வந்தார்கள். சூப் கொடுத்தேன். ஒருவர் மேசையைத் தட்டிப் பார்த்தார். மற்றவர் குனிந்து அடியில் பார்த்துவிட்டு, “பலகைதான்பா,” என்றார். எழுத இடம் வேண்டும் என்றார்கள். தட்டுகளை ஒதுக்கிக் கொடுத்தேன். ‘மேற்படி வீட்டில் ஓவியம் ஏதும் இல்லை’ என்று அந்த மேசையின் மேலேயே எழுதி, அங்கேயே முத்திரையும் குத்தினார்கள். முத்திரை நன்றாக விழுந்தது. மேசை கொஞ்சமும் ஆடாது. ஃப்லோரியன் நல்ல தச்சன்.

ஓவியத்தை எதிரிக்கு விற்ற குற்றத்துக்காக அவனுக்குப் பன்னிரண்டு வருடச் சிறை விதித்தார்கள்.

அவன் மனைவி ஹொனோராதாவை ஊரில் யாரும் வேலைக்கு வைத்துக்கொள்ளவில்லை. ரொட்டிக் கடையில் அவளுக்கு மட்டும் ரொட்டி தீர்ந்துபோகும். நான் அவளை அருங்காட்சியகத்தில் சேர்த்துக்கொண்டேன். காலிச் சட்டகத்தைத் துடைப்பது அவள் வேலை. இலைச் செதுக்கல்களின் இடுக்கில் தூசி தங்கும். வாத்து இறகால் பொறுமையாக எடுப்பாள். பார்வையாளர்கள் அவள் காதுபடவே பேசுவார்கள். அவள் திரும்பமாட்டாள்.

ஒருநாள் இறகைக் கீழே வைத்துவிட்டு என்னிடம் வந்தாள். “ஐயா, ஒண்ணே ஒண்ணு கேக்குறேன். அவரு சொன்னது நெசமா?”

“நீங்களே வந்து பாருங்கம்மா,” என்றேன்.

வந்தாள். மேசையைத் தடவினாள். அடியில் கையை விட்டுப் பலகையைத் தொட்டாள். மாதாவுக்கும் அவள் கைக்கும் இரண்டு விரற்கடைதான் இடைவெளி.

“மன்னிச்சிடுங்க ஐயா,” என்றாள். “எல்லாரும் கைவிட்டப்போ சோறு போட்டீங்க. உங்களைப் போய்ச் சந்தேகப்பட்டேன்.”

அந்த வாரமே சிறைக்கு எழுதினாள். இனிமேலாவது பொய் சொல்லாதீர்கள் என்று ஒரே வரி. தபாலில் சேர்க்க என்னிடம்தான் கொடுத்தாள், ஒட்டும் முன் படித்தும் காட்டினாள். அதன் பிறகு அவள் அவனுக்கு எழுதவில்லை. 1955 மார்ச்சில் நிமோனியாவில் இறந்தாள். சட்டகத்தை அவளைப்போல் துடைக்க இன்றுவரை ஆள் கிடைக்கவில்லை.

அடுத்த வருடம் பொது மன்னிப்பு வந்தது. விடுதலையாகிறவர்களின் பட்டியலில் ஃப்லோரியன் பெயரைப் பார்த்தேன். காலம் மாறிக்கொண்டிருந்தது. முன்பு அவனை அடித்தவர்கள் இப்போது கேட்கத் தயாராக இருந்தார்கள். இன்னொரு முறை அதிகாரிகள் வந்தால் ஆணியைப் பிடுங்கிப் பார்ப்பார்கள். அப்புறம் சட்டகத்தின் கதி என்ன? பதினோரு வருடமாக ஊர் அழுததெல்லாம் என்னாவது? அந்த நவம்பரில் நிலக்கரியும் கிடைக்கவில்லை. மூன்று மதியங்களில் மேசையை அறுத்து அடுப்பில் வைத்தேன். முகத்தைத் திருப்பிப் பார்க்கவில்லை. அதற்குரிய மரியாதையைக் கொடுத்தேன். லிண்டன் மரம் சீக்கிரம் எரிந்துவிடுகிறது, சூடு அவ்வளவாக இல்லை.

கிறிஸ்துமஸுக்கு முந்தின மாலை, முதல் நட்சத்திரம் தெரிந்ததும் கதவு தட்டப்பட்டது. ஃப்லோரியன். பற்கள் பாதி இல்லை. அவன் பின்னால் பனியில் ஒரு சறுக்குவண்டி, அதில் கயிறும் பழைய கம்பளியும்.

வராதவருக்கான தட்டு மேசையில் இருந்தது. வழக்கத்தை மீறுவதற்கில்லை. உட்காரச் சொன்னேன்.

“ஊருக்குச் சொல்லமாட்டேன் ஐயா,” என்றான். “கோர்ட்டு, கேசு ஒண்ணும் வேணாம். ஒரே ஒரு தடவை அந்த மேசையக் குடுங்க. ஹொனோராதா கல்லறை வரைக்கும் இழுத்துக்கிட்டுப் போறேன். அடிப்பலகையக் கழட்டி அவகிட்ட காட்டணும். காட்டிட்டு, திரும்ப நானே அடிச்சுக் குடுத்துடறேன். நீங்க அதும்மேலயே சாப்பிடுங்க.”

நான் பீட்ரூட் சூப்பை ஊற்றினேன். அவன் மேசைத் துணியை விலக்கி, பண்டிகை வழக்கப்படி அதன் கீழ் பரப்பியிருந்த வைக்கோலையும் விலக்கி, விரல் முட்டியால் ஒருமுறை தட்டினான். ஒருமுறைதான்.

“இது பைன் மரம்,” என்றான்.

“ஆமாம்.”

அவன் அடுப்பைப் பார்த்தான். பிறகு என்னைப் பார்த்தான். நான் நவம்பரில் நிலக்கரி கிடைக்காததைச் சொன்னேன். கத்துவான் என்று நினைத்தேன். அவன் சூப்பை முழுவதும் குடித்தான். நான் பண்டிகை அப்பத்தை, தாள்போல் மெல்லிய அந்த வில்லையை, நீட்டினேன். அந்த மாலையில் ஒருவர் அப்பத்தை ஒருவர் கிள்ளி வாழ்த்தாமல் எழுந்திருக்கக் கூடாது. கிள்ளிக்கொண்டான்.

“நூறு வருஷம் இருங்க ஐயா,” என்றான். “அந்தக் காலி ஃபிரேமப் பாத்துக்கிட்டே இருங்க.”

மறுநாள் காலை பூசைக்குப் போகும்போது பனியில் சறுக்குவண்டியின் தடம் கல்லறைத் தோட்டம் வரை போயிருந்தது. ஆழமில்லாத தடம். நான்கு வருடம் கழித்து அவனும் அங்கேயே போனான்.

இவ்வளவுதான். உங்கள் படிவத்தில் எரிக்கப்பட்டது என்று ஒரு கட்டம் இருக்கிறது. ஆனால் குண்டுவீச்சில் என்று அடைப்புக்குள் போட்டிருக்கிறது. கடத்தப்பட்டது என்பதும் பொருந்தாது. மூன்றாவது, இருப்பிடம் தெரியவில்லை. சாம்பலைத் தோட்டத்தில்தான் கொட்டினேன், அன்று காற்று வேறு அடித்தது. ஆகவே மூன்றாவதில் குறியிடுவதே நேர்மை. ஃப்லோரியனின் தீர்ப்பைத் திருத்த வேறு படிவம் வேண்டும் என்கிறீர்கள். அது உங்களிடம் இல்லை.

சட்டகத்தை நாளை பார்க்கலாம். இன்று திங்கட்கிழமை. அதன் நிலை பற்றிய வரியில் ‘மிக நன்று’ என்று எழுதிக்கொள்ளுங்கள். போர், விசாரணை, எல்லாவற்றையும் தாண்டி அதில் ஒரு கீறல்கூட இல்லை. என் பொறுப்பில் விடப்பட்ட எதற்கும் சேதம் வந்ததில்லை.