பத்ரா கரையில் ஒரு வீடு

— இந்த வீட்ட வித்துட்டுக் காட்டுக்குப் போகணுங்கறியா, நிருபமா? இங்க மல்லேஸ்வரத்துல கோவில், மார்க்கெட் எல்லாம் நடக்கற தூரம். அங்க என்னடி இருக்கு?

— நதி இருக்கும்மா. நாம அப்போ இருந்த ஃபாரஸ்ட் க்வார்ட்டர்ஸுக்குப் பக்கத்துலயே ஒரு ஓட்டு வீடு. பின்பக்கம் இறங்கினா பத்ரா. போன வாரம் பாத்துட்டு வந்துட்டேன்.

— ஆபீஸ் டூர்னு சொன்னியே?

— நெஜத்தச் சொன்னா விட்டிருப்பியா? எனக்குத் தூக்கம் வரதில்லன்னு தெரியுமோன்னோ? ஒரு மனநலக் கவுன்சிலர்கிட்ட போனேன். கண்ண மூடிண்டு, நிம்மதியா இருந்த ஒரு எடத்த நெனச்சுக்கோங்கோன்னா. வேற எதுவுமே வரலம்மா. நீயும் நானும் அந்த நதிக்கரைப் பாறைல ஒக்காந்துண்டு இருக்கோம். நீ எலுமிச்சஞ்சாதம் உருட்டி என் கைல போடற. அக்கரைல மான் தண்ணி குடிக்கறது. சீரியஸா, அழுதுட்டேன்.

— ம்.

— என்ன ம்? உனக்கு ஞாபகமே இல்லையா?

— அட்டை கடிச்சது ஞாபகம் இருக்கு. மாசக்கணக்கா துணி காயாதது, உனக்கு ஜுரம்னா டாக்டர் இல்லாதது, எல்லாம் இருக்கு. சும்மா நல்லத மட்டும் பொறுக்கி வெச்சிண்டு பேசாதே.

— கவுன்சிலரும் அதான் சொன்னா, பழைய நெனப்புல எப்பவும் எளவெயில்தானாம். இருக்கட்டுமே! அந்த சாயங்காலமெல்லாம் பொய்யா? தினம் போனோமே! அப்பாவுக்கு அந்த ஃபாரஸ்ட் வேலை கெடச்சதாலதான் எனக்கு அப்படி ஒரு சின்ன வயசு. அந்த வீட்டுக்கு அப்பா பேர்தான் வைக்கப்போறேன்.

— வேண்டாம்.

— ஏம்மா?

— வேண்டாம்னா விடேன்.

— அவர் போனதுலேர்ந்து இப்படித்தான் பண்ற. அப்பான்னாலே எழுந்து உள்ள போயிடற.

— போகல. ஒக்காரு, கேளு. அவர் ஜீப் வர சத்தத்துலயே தெரிஞ்சுடும், குடிச்சிருக்காரா இல்லையான்னு. குடிச்சிருந்தா எதிர்ல யார் நின்னாலும் அடி. அதான் சாதத்தக் கலந்து டப்பால போட்டுண்டு, உன்ன இடுப்புல தூக்கிண்டு பின்வாசல் வழியா இறங்கிடுவேன். அவர் தூங்கற வரைக்கும் உள்ள போக முடியாது. மான் பாக்கவா போனோம்?

— அம்மா...

— நீ பயந்துடக்கூடாதேன்னு மானக் காட்டுவேன், மீனக் காட்டுவேன். கல்லுக்கெல்லாம் பேர் வெப்பேன். நீ சிரிச்சிண்டே இருப்பே. எனக்குக் காது மட்டும் க்வார்ட்டர்ஸ் பக்கமே இருக்கும்.

— எனக்குத் தெரிஞ்ச அப்பா அப்படி இல்லயேம்மா!

— மாத்தலாகி இங்க வந்தப்பறம் ஒடம்பு படுத்தித்து, குடிய விட்டார். மனுஷனாவும் ஆனார். உனக்கு ஒரு நல்ல அப்பா கெடச்சாச்சு, நான் எதுக்கு அதக் கெடுக்கணும்னு வாய மூடிண்டேன்.

— எனக்கு ஒண்ணுமே தெரியலையேம்மா. உன்ன அங்க திரும்பவும் கூட்டிண்டு போகப் பாத்தேனே. அந்த எடமே வேண்டாம். புரோக்கருக்கு இப்பவே போன் பண்ணிடறேன்.

— போனக் கீழ வை. நதி என்னடி பண்ணித்து, பாவம்? அதுதான் நம்ம ரெண்டு பேரையும் மடில வெச்சுக் காப்பாத்தித்து. வீட்ட வாங்கு, நானும் வரேன். ஒரு சாயங்காலமாவது பின்னால திரும்பித் திரும்பிப் பாக்காம அங்க ஒக்காரணும்டி எனக்கு.