ஓரத்தில் ஒரு சிலுவை

"ரூடி மாமா, சிரிப்பு வர்ற இடத்துல எல்லாம் ஏன் சிலுவை போடுறீங்க? அங்க யாராவது செத்துட்டாங்களா?" என்று ஹெடி ஒருமுறை கேட்டாள். அப்போது அவளுக்கு ஏழு வயது. அவளுடைய அப்பா எமில் ஷ்பிட்சரும் நானும் வியன்னாவில் ஒரே மேசையில் உட்கார்ந்து நகைச்சுவைப் படங்களுக்கு வசனம் எழுதிக்கொண்டிருந்தோம். அரங்கம் சிரித்து ஓயும்வரை நடிகர் காத்திருக்க வேண்டும் என்பதற்காக, தாளின் ஓரத்தில் சின்னச் சிலுவை போடுவோம். ஊரில் வேறு யாருக்கும் அந்தப் பழக்கம் கிடையாது.

அதிகாரி ஐயா, எல்லாவற்றையும் சொல்லிவிடுகிறேன். களைப்பாக இருக்கிறது, அவசரப்படுத்தாதீர்கள்.

நாஜிகள் வந்தபின், யூதனான எமில் எழுதக் கூடாது என்றானது. பிறகு அவன் உயிரோடிருப்பதே குற்றமானது. படப்பிடிப்பு நிலையத்தின் தையலறையில், அலமாரிக்குப் பின்னால் அவனை ஒளித்துவைத்தேன். ஒளித்துவைத்தவன் நான் என்பதை மறந்துவிடாதீர்கள். அவன் எழுதினான், திரையில் என் பெயர் வந்தது. தையற்காரி ரெசி தன் பங்கு ரொட்டியில் பாதியை அவனுக்குக் கொடுத்தாள். அவனுடைய காலுறைகளையும் தைத்துக் கொடுத்தாள். நல்ல பெண்.

நாற்பத்து நான்காம் ஆண்டு இலையுதிர் காலத்தில் எமில் சொன்னான்: "ரூடி, சண்டை முடியப்போகுது. முடிஞ்சதும் அந்தப் படத்துக்கெல்லாம் என் பேரைப் போட்டுடு."

"எல்லாத்துக்குமாடா?"

"நீ எழுதினது ஏதாவது இருந்தா சொல்லு, அதை மட்டும் விட்டுடலாம்."

வேடிக்கையாகத்தான் சொன்னான். நானும் சிரித்தேன். மறுநாள் காலை காவல் அலுவலகத்துக்கு ஒரு மொட்டைக் கடிதம் தட்டச்சு செய்தேன். இரண்டே வரி. ரெசியின் பெயரை அதில் நான் எழுதவில்லை. இருந்தும் அவளையும் கொண்டுபோனார்கள். இருவரும் திரும்பவில்லை.

போருக்குப் பின் மக்களுக்குச் சிரிப்பு தேவைப்பட்டது. பதினேழு படங்கள் தயாரித்தேன். முதல் ஆறும் எமில் அலமாரிக்குப் பின்னால் எழுதிவைத்தவை. ஹெடிக்குப் படத்தொகுப்பில் வேலை போட்டுக்கொடுத்தேன். ஒவ்வொரு கிறிஸ்துமஸுக்கும் கிறிஸ்தவரான அவள் அம்மாவுக்கு, ஊர் வழக்கப்படி நல்ல மீனாகப் பார்த்து அனுப்பினேன்.

சென்ற வாரம் ஹெடி, பழைய காவல் கோப்பிலிருந்து அந்தக் கடிதத்தை எடுத்துவந்து என் மேசைமேல் வைத்தாள். கையெழுத்து இல்லை. ஆனால் 'தையலறை அலமாரிக்குப் பின்னால் தேடவும்' என்ற வரிக்கு நேராக, ஓரத்தில், பேனாவால் ஒரு சின்னச் சிலுவை. கை பழகிவிட்டது.

"இந்த இடத்துல யாரு மாமா சிரிக்கணும்?" என்றாள். அவள் குரல் உயரவே இல்லை.

ஆம், நான்தான் எழுதினேன். ஆனால் இன்னொன்றையும் குறித்துக்கொள்ளுங்கள். மூன்று ஆண்டுகளுக்கு முன், எங்கள் படமொன்றின் தொடக்கத்தில் வரும் பெயர்ப் பட்டியலை நானே மறுபடி படம்பிடித்தேன். 'கதை, வசனம்: எமில் ஷ்பிட்சர்.' ஒரே ஒரு பிரதி. ஒரு ஞாயிற்றுக்கிழமை, தேவாலயத்தில் பூசை முடிந்து வந்து, கதவைத் தாழிட்டுத் தனியாகப் போட்டுப் பார்த்தேன். அவன் பெயர் வந்தபோது எழுந்து நின்று கைதட்டினேன். பிறகு சுருளை எரித்துவிட்டேன். செய்த நல்லதை ஊருக்குக் காட்டிக்கொள்ளும் பழக்கம் எனக்கு இல்லை. எமிலுக்கு நான் பட்ட கடன் அன்றே தீர்ந்துவிட்டது.