ஒரு கெட்ட தாய் தேவைப்பட்டாள்

என் அம்மாவுக்கு முட்டை பொரிக்க வராது. அடியில் கருகி, மேலே பச்சையாக, ஒரே முட்டையில் இரண்டு குற்றமும் இருக்கும். அவள் மேல் எனக்கிருந்த உண்மையான புகார் அது ஒன்றுதான். இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். நான் பேசி முடித்ததும், அம்மாவை வெறுத்த பெண் என்று என்னைப் பற்றி எழுதிக்கொள்ளாதீர்கள். வெறுப்பு கிடையாது. வெறுப்பு இருந்திருந்தால் இவ்வளவு உழைத்திருக்க வேண்டியதில்லை.

அம்மா டார்லீன், முதியோர் இல்லத்தில் துணி துவைக்கும் பிரிவில் வேலை செய்கிறாள். அப்பா லாரி ஓட்டப் போனவர். கம்பெனி லாரியைத் தேடிக் கண்டுபிடித்துவிட்டது, அவரை யாரும் தேடவில்லை. நான் ரோஷெல். எனக்குப் பல வருடம் கழித்துப் பிறந்தவள் டெஸ், இரண்டாம் வகுப்பு. எங்கள் குடும்பத்திலேயே கல்லூரிப் படியேறிய முதல் ஆள் நான். அம்மா என் கல்லூரியின் பெயர் போட்ட ஸ்வெட்டரை வாங்கி வேலைக்குப் போட்டுக்கொண்டு போனாள். வெந்நீரும் சோப்பும் பட்டுப்பட்டு எழுத்தெல்லாம் உரிந்துவிட்டது. ஆனாலும் கழற்றவில்லை.

கடைசி வருடம் ஆவணப்பட வகுப்பு. பேராசிரியர் வின்ஸ்லோ எங்களை வட்டமாக உட்கார வைத்து, அவரவர் அம்மாவைப் பற்றிச் சொல்லச் சொன்னார். அந்த வகுப்பில் அதுதான் வழக்கம். அம்மாவிடமிருந்து தொடங்காத படம் படமே இல்லை என்பார். மேடலினின் அம்மா பல் டாக்டர். மகள் குண்டாகிவிடுவாள் என்று தட்டில் பாதாம் பருப்பை எண்ணி வைப்பாளாம். மேடலின் அழுதாள். பிரெஸ்டனை அவன் அம்மா மலை மேலிருக்கும் விடுதிப் பள்ளியில் சேர்த்துவிட்டாளாம். அங்கே குதிரை ஏற்றம் கட்டாயமாம். அவனும் அழுதான். என் முறை வந்தது. முட்டையைச் சொன்னேன்.

"முட்டைக்கு அடியில என்ன இருக்கு ரோஷெல்?" என்றார் வின்ஸ்லோ, மெதுவாக.

"கருகல்" என்றேன்.

ஒருவரும் சிரிக்கவில்லை. வகுப்பு முடிந்ததும் என் தோளில் கை வைத்தார். "நீ எதையோ மறைக்கிற. பரவால்ல. உன்னை மாதிரி வீட்லேர்ந்து வர்றவங்க மறைக்கத்தான் செய்வாங்க."

என் மாதிரி வீடு என்றால் எப்படிப்பட்ட வீடு என்று நான் கேட்கவில்லை. எனக்குத் தெரியும். பணக்கார வீட்டு அம்மா கத்தினால் அது மன அழுத்தம். எங்கள் தெருவில் கத்தினால் அது வழக்கு. எங்கள் வீட்டில் யாருமே கத்துவதில்லை என்பதை நம்ப அந்த வகுப்பில் ஆளில்லை. ஒரு துணி துவைப்பவள் தன் பிள்ளைகளைச் சும்மா, அன்பாக, வளர்த்தாள் என்பது அவர்களுக்குக் கதையாகவே தெரியவில்லை. அம்மாவை வைத்து நான் எடுத்த படத்தின் முதல் தொகுப்பைப் பார்த்துவிட்டு வின்ஸ்லோ சொன்னார்: "அழகா இருக்கு. அன்னையர் தினத்துக்கு வாழ்த்து அட்டையா போடலாம். பட விழாவுக்கு எடுக்க மாட்டாங்க." பிரெஸ்டனின் குதிரைப் படத்தை இரண்டு விழாக்களில் எடுத்துக்கொண்டார்கள்.

ஆகவே நான் உட்கார்ந்து பாடம் படித்தேன். கெட்ட தாய் வரும் படங்களாகத் தேடித் தேடிப் பார்த்தேன். அவற்றுக்கென்று ஓர் இலக்கணம் இருக்கிறது. கெட்ட தாய் எப்போதும் பாத்திரம் கழுவும் தொட்டியருகே முதுகைக் காட்டி நின்று சிகரெட் பிடிப்பாள். நகச்சாயம் பாதி உரிந்திருக்கும். குழந்தை மேஜைக்கு அடியில் இருக்கும், கையில் ஒற்றைக் கண் பொம்மை. அடி விழுவதை மட்டும் எந்தப் படத்திலும் காட்ட மாட்டார்கள். மூடிய கதவைக் காட்டுவார்கள். சத்தம் கதவுக்குப் பின்னாலிருந்து வரும். பார்க்கிறவர்கள் மீதியைத் தாங்களே அடித்துக்கொள்வார்கள்.

அம்மாவிடம் உதவி கேட்டேன். படிப்புக்காக என்றதும் வேறு கேள்வியே இல்லை.

அவளுக்கு சிகரெட் பிடிக்கக் கற்றுக்கொடுத்ததுதான் பெரும்பாடு. இருமி இருமித் தொட்டியில் வாந்தி எடுத்தாள். "இதுக்குப் போய் காசு குடுத்து வாங்குறாங்களே கண்ணு" என்றாள். முதுகைக் காட்டி நிற்கச் சொன்னால் திரும்பித் திரும்பி, "மூஞ்சி தெரிய வேணாமா? பொட்டிக்கடை ஷெரில் பாத்தா நான்தான்னு எப்படித் தெரியும்?" என்பாள். வசனம் எழுதிக் கொடுத்தேன்.

"நீ பொறந்திருக்கவே கூடாது" என்று டெஸ்ஸைப் பார்த்துச் சொல்ல வேண்டும். சொன்னாள். சொன்ன கையோடு ஓடிப்போய் அவளைக் கட்டிக்கொண்டாள். "ஐயோ இல்லடி தங்கம், இது ரோ எழுதிக் குடுத்தது. அம்மா அப்படிச் சொல்லுவேனா?"

"தெரியும்மா. நீ சரியாவே சொல்லல. பல்லைக் கடிச்சுக்கிட்டுச் சொல்லு" என்றாள் டெஸ்.

கதவுக் காட்சியை முதலில் நேர்மையாகத்தான் எடுத்தேன். அம்மாவும் டெஸ்ஸும் உள்ளே. அம்மா கைதட்ட வேண்டும், டெஸ் அலற வேண்டும். டெஸ்ஸுக்குச் சிரிப்பு தாங்கவில்லை. விழுந்து விழுந்து சிரித்தாள். அன்றைக்குத்தான் ஒன்று தெரிந்துகொண்டேன்: ஒரு குழந்தையின் சிரிப்பைக் கொஞ்சம் மெதுவாக ஓடவிட்டால் அழுகையாகிவிடும். அதை வைத்தே பாதிப் படத்தை முடித்தேன். ஆனால் கவனித்துக் கேட்டால் எங்கோ ஒரு சந்தோஷம் கசிந்தது. வின்ஸ்லோவுக்கு நல்ல காது.

நிஜமான அழுகை கொஞ்சம் தேவைப்பட்டது. அம்மா வேலைக்குப் போயிருந்த ஒரு மதியம் டெஸ்ஸை நிலவறைக்கு அனுப்பி, பனிச்சறுக்குப் பலகையை எடுத்து வரச் சொன்னேன். அவள் இறங்கியதும் விளக்கை அணைத்துவிட்டுக் கதவைத் தாழிட்டேன். முதலில் விளையாட்டு என்றுதான் நினைத்தாள். "ரோ, போதும்" என்றாள். பிறகு "ரோ" என்று கூப்பிடுவதை விட்டுவிட்டாள். "அம்மா" என்று கூப்பிட ஆரம்பித்தாள். அம்மா வீட்டில் இல்லை என்பது அவளுக்குத் தெரியும். இருந்தாலும் அம்மாவைத்தான் கூப்பிட்டாள். அந்தக் குரல் எனக்குச் சரியாகக் கிடைத்தது. படத்தில் பார்க்கிறவர்களுக்கு, அம்மா பூட்டிவைத்த குழந்தை அம்மாவிடமே கெஞ்சுவதாகத் தெரியும். அதில்தான் அரங்கமே உடைந்துபோகும்.

எவ்வளவு நேரம் என்று கேட்கிறீர்கள். படத்தில் சில நொடிகள். நிஜத்தில் எவ்வளவு என்கிறீர்களா? படத்தில் சில நொடிகள்தான்.

திறந்து விட்டதும் அவளுக்கு ஐஸ்கிரீம் கொடுத்தேன். சாப்பிடவில்லை. அதையும் படமெடுத்தேன், உருகுகிற வரை. அது தேவைப்படவில்லை.

வின்ஸ்லோ படத்தைப் பார்த்துவிட்டு என்னைக் கட்டிக்கொண்டார். "எனக்கு அப்பவே தெரியும்" என்றார். ஒரே ஒரு குறை சொன்னார், முடிவு இல்லையாம். நியாயமான குறைதான். கெட்ட தாய்ப் படத்துக்கு என்ன முடிவு என்று எல்லோருக்கும் தெரியும். வாசலில் ஒரு கார் நிற்க வேண்டும், குழந்தை பின்சீட்டில் திரும்பிப் பார்க்க வேண்டும்.

எங்கள் மாநிலத்தில் ஒரு பள்ளி ஆசிரியருக்குக் குழந்தை வதைபடுகிறது என்று சந்தேகம் வந்தால் போன் செய்தே ஆக வேண்டும். செய்யாவிட்டால் அவர்மேல் வழக்கு. இது உங்களுக்கே தெரியும். எனக்கும் தெரியும். நூலகத்தில் படத்தைத் திரையிட்டபோது டெஸ்ஸின் டீச்சர் மிஸ் அவிலெஸை நானே போய் அழைத்தேன். முதல் வரிசையில் உட்கார வைத்தேன். கதவுக் காட்சி வந்ததும் அவர் எழுந்து, போனை எடுத்துக்கொண்டு வெளியே போனார். பாவம், நல்ல மனுஷி. படத்தின் கடைசிப் பாகத்தைப் பார்க்கவே இல்லை.

மறுநாள் காலை ஜன்னல் வழியாகக் குழந்தை நலத்துறைக் கார் வருவதைப் பார்த்தேன். கேமராவை எடுத்துக்கொண்டு அம்மாவிடம் சொன்னேன்: "வந்துட்டாங்கம்மா. இதான் கடைசி ஸீன். என்ன கேட்டாலும் ஆமான்னு மட்டும் சொல்லு."

அம்மா தலை சீவிக்கொண்டு, அந்த ஸ்வெட்டரை மாட்டிக்கொண்டு கதவைத் திறந்தாள். இரண்டு பெண்கள். ஒருத்தர் அடையாள அட்டையைக் காட்டினார். அம்மா அதை வாங்கி அசந்துபோய்ப் பார்த்தாள்.

"அச்சு அசலா இருக்கே! உள்ள வாங்க, டோனட் சாப்பிடுங்க."

"மிஸஸ் வோய்சிக், இது விளையாட்டு விஷயம் இல்ல."

"ஆமா" என்றாள் அம்மா.

"உங்க குழந்தையை இருட்டுல பூட்டி வச்சீங்களா?"

அம்மா என்னைப் பார்த்தாள். நான் கேமராவுக்குப் பின்னாலிருந்து தலையாட்டினேன். "ஆமா" என்றாள். பிறகு ஆர்வம் தாங்காமல் அந்தப் பெண்ணிடம், "நீங்க ரொம்ப நல்லா பண்றீங்க. எங்க வீட்லயே எனக்குப் பயமா இருக்கு" என்றாள். அந்தப் பெண் எதையோ எழுதிக்கொண்டார்.

டெஸ் மட்டும்தான் உண்மை சொன்னாள். "அம்மா பூட்டல. ரோ பூட்டினா" என்றாள், ஒரு தடவை இல்லை, திரும்பத் திரும்ப. அதை யாரும் எடுத்துக்கொள்ளவில்லை. வதைபட்ட குழந்தை அம்மாவைக் காட்டிக்கொடுக்காது, வேறு யார் பேரையாவது சொல்லும். எல்லாப் படத்திலும் அப்படித்தான். அவள் எவ்வளவு மறுத்தாளோ அவ்வளவுக்கு அவர்கள் முகத்தில் இரக்கம் கூடியது.

காரில் ஏற்றும்போது டெஸ் அம்மாவின் ஸ்வெட்டரைப் பிடித்துக்கொண்டு விடவில்லை. அம்மா ஒவ்வொரு விரலாக எடுத்துவிட்டாள். "போய்ட்டு வாடி தங்கம். ரோவோட படிப்புக்குத்தானே. அழு, ஆனா ரொம்ப அழாத, மூக்கு சிவந்துடும்." சிரித்துக்கொண்டே கையசைத்தாள். கார் திருப்பத்தில் மறைந்ததும் என்னைப் பார்த்து, "சரியா வந்துச்சா?" என்றாள்.

சரியாகவே வந்தது. எந்த நடிகைக்கும் அந்தச் சிரிப்பு வராது.

சாயங்காலம் மூன்று தட்டு வைத்தாள். "டெஸ்ஸை எப்ப கொண்டாந்து விடுவாங்க? நாளைக்கு அவளுக்கு எழுத்துப் பரீட்சை இருக்கு." வந்தவர்கள் நடிகைகள் இல்லை, இது நிஜம் என்று அப்போதுதான் சொன்னேன். கத்துவாள் என்று எதிர்பார்த்தேன். கேமரா பக்கத்தில்தான் இருந்தது. அவள் மூன்றாவது தட்டை எடுத்து அடுக்கிவிட்டு, "உண்மையைச் சொன்னா உன்னைக் காலேஜை விட்டு அனுப்பிடுவாங்களா கண்ணு?" என்று மட்டும் கேட்டாள்.

"அனுப்பிடுவாங்க. கேஸும் போடுவாங்க."

"அப்ப நான்தான்னே இருக்கட்டும்."

நீதிபதி முன்னாலும் அதையேதான் சொன்னாள். படம் மூன்று விழாக்களுக்குப் போனது. எங்கே போனாலும் அரங்கம் அழுதது, எழுந்து நின்று கைதட்டியது, நீ தைரியசாலி என்று வரிசையில் நின்று என் கையைப் பிடித்தது. அவ்வளவு கூட்டத்தில் ஒருவருக்கும் தோன்றாத கேள்வி, விசாரிக்க வந்து படத்தை ஒரே தடவை பார்த்த உங்களுக்குத் தோன்றியிருக்கிறது. குழந்தை கதவுக்குப் பின்னால் கத்தும்போது கதவுக்கு இந்தப் பக்கம் கேமராவைப் பிடித்துக்கொண்டு நின்றது யார் என்று நேற்று கேட்டீர்கள்.

நான்தான். தாழிட்டது நான், விளக்கை அணைத்தது நான், டீச்சரை அழைத்தது நான், அம்மாவை ஆமாம் சொல்லச் சொன்னது நான். எழுதிக்கொள்ளுங்கள், கையெழுத்துப் போடுகிறேன்.

ஆனால் ஒன்றை நீங்களும் யோசிக்க வேண்டும். உண்மை அம்மாவின் கையில் இருந்தது. வாயைத் திறந்திருந்தால் அன்றைக்கே டெஸ் வீட்டுக்கு வந்திருப்பாள். குளிர்காலம் முழுவதும் அந்தக் குழந்தை யாரோ ஒருவர் வீட்டில், கதவை மூட விடாமல், விளக்கெரியத் தூங்கிக்கொண்டிருக்கிறது. பெற்றவள் தெரிந்தே சும்மா இருந்தாள். இப்படிப்பட்டவளை என்னவென்று சொல்வீர்கள்? என் படத்தில் நான் எதையும் இட்டுக்கட்டவில்லை. கொஞ்சம் முன்கூட்டியே எடுத்துவிட்டேன், அவ்வளவுதான்.