சந்தியிலே மைக், லயத்திலே சாவு

ஹலோ... ஹலோ! சந்திக் கடைங்களா?... யாரு, முனாப் நானாவா?... நாந்தான் நானா, வீரய்யா. மேல் டிவிசன் வீரய்யா... ஆமா, ஆமா, சங்கத்துத் தலைவரு வீரய்யாதான். வச்சிடாதீங்க நானா! தேயில ஸ்டோருலருந்து பேசுறேன். தோட்டத்துத் தொர ஹட்டன் பக்கம் போயிருக்காரு. டீமேக்கர் ஐயாகிட்டக் கெஞ்சிக் கூத்தாடி போனத் தொட விட்டுருக்காரு.

...சத்தமாப் பேசுங்க, ஒங்க பக்கம் ஒரே இரைச்சல்... ஆமா. அந்த இரைச்சலப் பத்தித்தான் பேசணும். சந்தியில நடக்குற கூட்டத்துக்கு மைக் ஒங்களோடதுதான? ஒங்க கடையிலருந்துதான வயர் போகுது?...

இல்ல, இல்ல, சண்டைக்கு வரல. சண்ட போடுற நெலமையிலயா நான் இருக்கேன்? எம் பொண்டாட்டி செத்துப் போயிட்டா நானா.

...ராசம்மா. ஆமா... இன்னைக்குக் காலையில. விடியப் பெரட்டுல வேலைக்குப் பேர் குடுக்கப் போற நேரம்... காய்ச்சல்தான். மூணு நாளு. டிஸ்பென்சர் ஐயா மருந்துத் தண்ணி குடுத்தாரு, அது எறங்குறதுக்குள்ள சளி நெஞ்ச அடைச்சிருச்சு... ம்... ம்... ஆமா, அவளேதான். ஒங்க கடையில கருவாடு வாங்க வந்தா நிறுவையில ஒரு கொற சொல்லாமப் போகமாட்டாளே, அவதான்.

...சரி. சரி நானா. ஆறுதல் அப்பறம் சொல்லுங்க. நானே இன்னும் அழுகல. அழுறதுக்கு நேரமில்ல.

நான் ஒண்ணு கேக்குறேன். அந்த மைக்குல அவன் என்ன பேசுறான்னு காதுல விழுகுதா?... கடையில யாவாரம் பாத்துக்கிட்டிருந்தீங்களா, கவனிக்கலயா? நானா, எங்கிட்டயா? எனக்கு இங்க ரெண்டு மைலுக்கு மேல கேக்குது! ஒங்க மைக்குக் குழாய் ரெண்டையும் மலையப் பாக்கத்தான கட்டி வச்சிருக்காங்க? காத்து மேல அடிக்கிறப்பல்லாம் ஒவ்வொரு வார்த்தையும் லயத்து வீட்டு வாசல்ல வந்து விழுகுது. பொணத்துக்குப் பக்கத்துல ஒக்காந்து கேட்டுக்கிட்டிருக்கோம்.

எனக்குச் சிங்களம் தெரியாதுன்னா நெனைக்கிறீங்க? 'கேட்டீங்களா, தோட்டத்துல தப்பு மேளம் அடிக்கிறான். தமிழன் ஆள் தெரட்டுறான். காலையிலருந்து கத்தியோட கூட்டங்கூட்டமா மலைக்கு ஏறுறான். அடுத்த தப்பு கேட்டா அவன் எறங்கி வர்றான்னு அர்த்தம், பன்சலைக்கு, நம்ம புத்தர் கோயிலுக்கு நெருப்பு வைக்க வர்றான். அதுக்கு முந்தி நாம ஏறணும்.' இத மூணு தடவ சொல்லிட்டான். மூணு தடவயும் கைதட்டு கேட்டுச்சு.

...அது சாவுத் தப்பு நானா! ராசம்மாவ வாசல்ல கொண்டாந்து வச்சதும் அடிச்ச தப்பு. விடியப் பெரட்டுக்குக் கூப்புட அடிப்போம், இல்லேன்னா சாவுக்கு அடிப்போம், வேற எதுக்கு அடிப்போம்?... கத்தியா? பாடைக்கு மூங்கி வெட்டக் கத்தி வேணாமா? பல்லால கடிச்சா வெட்டுவாங்க?... கூட்டமா வந்தவங்க அவ பொறந்த வீட்டு ஆளுங்க. இறம்பொடப் பக்கத்துலருந்து அண்ணன் தம்பிக, பங்காளிக. கோடிச்சீல எடுத்துக்கிட்டு ஒங்க சந்தியத் தாண்டித்தான் ஏறுனாங்க.

ஆமா நானா. கூட்டமாத்தான் வந்தாங்க. அது நான் பண்ணுன முட்டாள்தனம். சாவு சொல்ல ஆளனுப்புறப்ப நாந்தான் சொல்லி விட்டேன். காலங்கெட்டுக் கெடக்கு, பஸ்ஸு நம்பருல சிங்கள ஸ்ரீ எழுத்துக்குத் தார் பூசுறதுலருந்து அடிதடி நடக்குது, ஒத்தையா யாரும் வராதீங்க, இருவது முப்பது பேராச் சேந்து வாங்கன்னு. பத்திரமா வரட்டும்னு சொன்னேன். அதுதான் இப்ப அவன் வாயிக்குத் தீனியாப் போச்சு.

...பொலிசா? ரெண்டு தடவ போன் அடிச்சாச்சு. கூட்டத்துக்குப் பர்மிட் இருக்காம். பேச்சுதான பேசுறாங்க, ஏதாச்சும் நடந்தா சொல்லுங்கன்னு வச்சிட்டாங்க. நடந்தப்பறம் யாரு இருந்து சொல்றது?

அதான் ஒங்களக் கேக்குறேன். ஒங்க மைக்குப் பொட்டி, ஒங்க பெட்டரி. வயரப் புடுங்கி விட்டுருங்க நானா. பெட்டரி எறங்கிருச்சுன்னு சொல்லுங்க. மழத்தண்ணி பட்டுருச்சுன்னு சொல்லுங்க...

...என்ன?... என்ன சொன்னீங்க?...

ம். அதச் சொல்லுவீங்கன்னு தெரியும். ஆமா, மே தினத்துக்கு எனக்கும் குடுத்தீங்க. சங்கத்துக்கு மைக் குடுக்காதன்னு தொர ஆள் விட்டு மெரட்டுனப்ப, ஒங்க கடை வாசல்ல நின்னு கத்துனேன். வாய் இருக்குறவனுக்கெல்லாம் பேச உரிம இருக்கு, அதத் தடுக்க தொர யாரு, நீங்க யாருன்னு கேட்டேன். மறக்கல. நீங்களும் பயந்துக்கிட்டே குடுத்தீங்க. அதுக்கு இன்னைக்கும் நன்றி இருக்கு.

ஆனா நான் பேசுனதும் இவன் பேசுறதும் ஒண்ணா நானா? நான் சம்பளம் கேட்டேன். லயத்துக் கூரைக்குத் தகரம் கேட்டேன். நான் யாரு வீட்டுக்காவது நெருப்பு வைக்கச் சொன்னனா?...

...ஆமா. சொன்னேன். தொரைய மூட்ட கட்டிக் கப்பல்ல ஏத்தணும்னு சொன்னேன். கைதட்டுனாங்க. நீங்களும் சிரிச்சீங்க. சொன்னது சொன்னதுதான், இல்லேங்கல. ஆனா நான் பேசி முடிச்சதும் தொர பங்களாவுக்குப் போயி சூப்பு குடிச்சிட்டுத் தூங்குனாரு. அவருக்குத் துப்பாக்கி இருக்கு, பொலிஸ் இருக்கு. இவன் பேசி முடிச்சா எனக்கு என்ன இருக்கு? பத்துக் காம்பரா லயம் ஒண்ணு இருக்கு, ஒரு பொணம் இருக்கு. ஓட்டுரிமையப் புடுங்குனாங்க, சரின்னோம். நாடில்லாதவன்னாங்க, அதுக்கும் வாயத் தொறந்து கத்தத்தான் செஞ்சோம். இப்ப சாவுக்கு அடிக்கிற சத்தத்துக்கும் வேற அர்த்தம் சொல்றான் நானா, அதுக்கு நான் எங்க போயிக் கத்துறது?

...புரியுது. ஒங்க பயம் புரியுது... என்னது? ஒங்களயுமா?... 'தமிழனுக்குச் சாமான் குடுக்குற கட'ன்னு சொன்னானா? ஒங்க மைக்குலயே ஒங்களயா சொல்றான்! அதக் கேட்டுக்கிட்டா கல்லாவுல ஒக்காந்திருக்கீங்க?

...இல்ல நானா, கோவத்துல சொல்லிட்டேன். மன்னிச்சிருங்க. ஒங்களுக்கும் புள்ளகுட்டி இருக்கு. யாரு அழுறது? ஒங்க வீட்டு ஹவ்வா உம்மாவா?... ராசம்மாவக் கேட்டா அழுறாங்க?... ம். நோம்புக்கஞ்சி குடுத்து விடுவாங்க. அவளும் பெருநாளைக்குப் பூசணிக்கா கொண்டாந்து குடுப்பா.

...ஒரு நிமிசம். டீமேக்கர் ஐயா கையக் காட்டுறாரு... ஐயா, ரெண்டே நிமிசம்ங்க. கும்புடுறேன், ரெண்டே நிமிசம்... ஹலோ, இருக்கேன், இருக்கேன்.

நானா, வயரப் புடுங்க வேணாம். விடுங்க. அவன் பேசட்டும். நானும் பேசுறேன். பேச்சு எல்லாருக்கும் பொதுன்னா நானும் பேசணுந்தான?... கேளுங்க. ஒங்க பொட்டி கடைக்குள்ளதான இருக்கு, போனுக்குப் பக்கத்துல? நீங்க ரெக்காட்டுப் போடுறப்ப 'புதுச் சரக்கு வந்திருக்கு'ன்னு சொல்லுவீங்களே, அந்த ரெண்டாவது மைக் அதுலயேதான இருக்கு?... அத இந்தப் போனுல காதுல வைக்கிற பக்கத்துக்கு ஒட்டிப் புடிங்க. அம்புட்டுத்தான். நீங்க ஒரு வார்த்த பேச வேணாம். நான் பேசுறேன்.

...தமிழ்ல இல்ல, சிங்களத்துலதான். எம் பொண்டாட்டி செத்துட்டா, இது சாவுக்கு அடிக்கிற மேளம், இன்னைக்கு அடக்கம் பண்றோம், யாரையும் அடிக்க வரல. இந்த நாலே நாலு சொல்லு. அவங்க ஊருலயும் சாவுக்கு அடிப்பாங்க நானா! மளபெரன்னு சொல்லுவாங்க. போன மாரியில கீழ ஊர்ப் பெரியவரு செத்தப்ப அடிச்சாங்களே, நாங்க மலையில கொழுந்து எடுத்துக்கிட்டே கேட்டோம். யாராவது சண்டைக்கு வர்றாங்கன்னா நெனைச்சோம்? கூடைய எறக்கி வச்சிட்டு, ராசம்மாதான் மொதல்ல கும்புட்டா. அந்தச் சொல்லு காதுல விழுந்தா அவங்களுக்குப் புரியும். அந்தக் கூட்டத்துல தாய செதையில வச்சவன் இருப்பான், பொண்டாட்டிய வச்சவன் இருப்பான். புரியும் நானா.

...யோசிக்காதீங்க. ஹவ்வா உம்மா என்ன சொல்றாங்க?... புடிக்கச் சொல்றாங்களா? அவங்க நல்லாருக்கணும். புடிங்க... புடிச்சிட்டீங்களா?... டக்குனு ஒரு சத்தம் கேட்டுச்சு. இருங்க, ஆரம்பிக்கிறேன்...

மாத்தியலா... நோனலா... மம வீரய்யா. வத்தே வீரய்யா. மகே கேனி மெருணா... மகே கேனி, ராசம்மா, மெருணா. மேக மளபெர... மளபெர, மாத்தியலா. அத வளலனவா. அபி கஹன்ன என்னெ நே... மேக மளபெர...

...ஹலோ?... நானா?... கேட்டுச்சா அவங்களுக்கு?... குழாயில வந்துச்சா?...

...ஏன் இப்ப சத்தமே இல்ல?... தொப்பியக் கழட்டுனாரா? யாரு, அந்த வண்டிக்காரக் கெழவனாரா?... ம்... ம்... ரெண்டு மூணு பேரு எந்திரிச்சுப் போறாங்களா? சொன்னேன்ல நானா! நான் சொன்னேன்ல...

...அவன் என்ன சொல்றான்?... பொய்யா? பொண்டாட்டி சாவுலயா ஒருத்தன் பொய் சொல்லுவான்?... சிங்களத்துல பேசியே நான் வேவு பாக்குறேன்னு சொல்றானா? ஐயோ...

...யாரு வந்திருக்காங்க? ஊர் அதிகாரி ஆராச்சி மாத்தியாவா? நல்லவரு. பிறப்புச் சாவு பதியப் போனா ஒக்காரச் சொல்லுவாரு. அவருகிட்டக் குடுங்க... சரி, நீங்களே கேட்டுச் சொல்லுங்க... ம்... ம்...

...கூட்டத்த அவரு அடக்கணும்னா, பொணத்த ரோட்டுப் பக்கம் கொண்டு வரக் கூடாது. சரி. மேட்டு வழியா எடுத்துக்கிறோம்... வெளித்தோட்டத்து ஆளுங்க இன்னைக்குத் திரும்பி வரக் கூடாது. சரி, இங்கயே படுத்துக்குவாங்க... கத்தி... சரி, கத்தியெல்லாம் ஸ்டோருல வச்சிருவோம். டீமேக்கர் ஐயாவே சாட்சி. அப்பறம்?...

...என்ன?...

தப்பு அடிக்காமயா?

...நானா, அத மட்டும் கேக்காதீங்கன்னு சொல்லுங்க. தப்பு இல்லாம எப்புடி எடுக்குறது? கொள்ள நோவுல போனவங்களத்தான் அப்புடி எடுப்போம். ஆளில்லாத அநாதப் பொணத்துக்குக்கூட நாலு தட்டுத் தட்டித்தான் தூக்குவோம். இருவத்திரெண்டு வருசமா அந்தச் சத்தத்துக்கு எந்திரிச்சுப் பெரட்டுக்கு ஓடுனவ நானா. ஒரு நாள் பிந்துனதில்ல. கடைசி நாளு அவளுக்கு அது இல்லையா? அவ அண்ணமாரு என் மொகத்துல துப்பமாட்டாங்களா?... பொன்னையாண்ணன் தோள்ல தப்பப் போட்டுக்கிட்டு இந்தா ஜன்னலுக்கு வெளிய நிக்கிறாரு. நெருப்புல காய்ச்சி, சூடு ஆறுறதுக்குள்ள அடிக்கணும்னு நான் சொல்ற ஒரு சொல்லுக்குக் காத்துக்கிட்டு நிக்கிறாரு...

...இல்லாட்டி?...

...எம்புட்டுப் பேரு இருப்பாங்க இப்ப?... ம்...

...லயத்துல புள்ளைங்க மட்டும் நாப்பது உருப்படி இருக்கு நானா...

...தப்புச் சத்தம் கேக்கலன்னா கூட்டம் மலைக்கு ஏறாம அவரு பொறுப்பா?... புத்தர் மேல சத்தியமாவா சொன்னாரு?... ஒங்க முன்னாடியா?...

...சரி.

...சரின்னு சொல்லுங்க. சொல்லுங்க நானா, மறுபடி மறுபடி கேக்காதீங்க. சரி.

பொன்னையாண்ணே! ஏய் பொன்னையாண்ணே! தப்பக் கொண்டு போயி அந்தத் தொட்டியில முக்குங்க... தண்ணித் தொட்டியில... முக்குங்கன்னா முக்குங்க! ஏன் எதுக்குன்னு கேக்காதீங்க! லயத்துல இருக்குற மூணையும் நனைச்சிரச் சொல்லுங்க. எவனாச்சும் எளவட்டம் வெறியில தட்டிப்புட்டான்னா அம்புட்டுப் பேரும் போயிருவோம். ஊறட்டும். நல்லா ஊறட்டும்... அழுகாதண்ணே. நீ அழுதா நானும் அழுதுருவேன். ஓடு.

...இருக்கேன் நானா. ஆச்சு. முக்கியாச்சு. இனி அது சத்தம் போடாது.

சரி, இப்ப அந்த மைக்க நிப்பாட்டச் சொல்லுங்க. நான் கேட்டதெல்லாம் குடுத்துட்டேன்...

...ஏன்?... ஆறு மணி வரைக்கும் பர்மிட்டா?... ஆராச்சியே சொல்றாரா?... கூட்டம் நடத்த அவங்களுக்கு உரிம இருக்கு, அவரு எப்புடித் தடுக்குறதுன்னா?...

ஏன் நானா, செத்தவ வீட்டுல தட்டுற தோலுக்கு உரிம இல்ல, வெட்டுன்னு சொல்ற வாயிக்கு உரிம இருக்கா?... ஒங்களக் கேக்கல. ஒங்களக் கேட்டு என்ன செய்ய. மேதினத்துல நான் பேசுன பேச்சு, எனக்கே திரும்பி வந்திருக்கு.

...இந்தா, மறுபடி ஆரம்பிச்சிட்டான். கேக்குது. போனுலயும் கேக்குது, ஜன்னல்லயும் கேக்குது. நாங்க ஆறு மணி வரைக்கும் காத்திருக்க முடியாது, பொழுது சாயறதுக்குள்ள எடுக்கணும். அப்ப ராசம்மாவ இந்தச் சத்தத்துலதான் தூக்கணுமா? தப்புக்குப் பதிலா இவன் எங்களத் திட்டுறதக் கேட்டுக்கிட்டே அவ குழிக்குப் போகணுமா?...

நானா. ஒண்ணு மட்டும் செய்ங்க. ஒங்ககிட்ட இதுக்கு மேல எதுவும் கேக்கமாட்டேன். மைக்க நிப்பாட்ட வேணாம். அந்தக் குழாய் ரெண்டையும் மலையப் பாக்காம திருப்பி வைங்க. ஆத்துப் பக்கமாத் திருப்புங்க. அரை மணி நேரம். அவள எறக்கி மண்ணு தள்ளுற வரைக்கும். ஏணி போட்டு ஒரு ஆள ஏத்தி, சும்மா கொஞ்சம்... எங்க காதுலருந்து கொஞ்சம் திருப்பி...

...ஹலோ?... நானா?...

ஹலோ... திருப்புவீங்களா நானா?... ஹலோ...